மோனேயைப் பேட்டி கண்ட டேனியர் யார், அவர் எழுதியதை எவ்வளவு நம்பலாம்?

ஓவியக் கல்லூரி மாணவர் ஒருவர் கேட்டிருப்பது சுருக்கமாக இதுதான். வரையப்படும் பொருள் தமக்கு அவ்வளவு முக்கியமில்லை என்றும், அந்தப் பொருளுக்கும் தமக்கும் நடுவே இருப்பதையே தாம் தீட்ட விரும்புவதாகவும் பிரெஞ்சு ஓவியர் க்ளோத் மோனே சொன்ன வாசகம் பல நூல்களில் மேற்கோளாக வருகிறது. அவற்றுள் ஒன்றின் அடிக்குறிப்பில் மட்டும், 1895இல் ஒரு டேனிஷ் பத்திரிகையாளர் எடுத்த பேட்டியில் இது உள்ளது என்ற குறிப்பு இருக்கிறது. அந்தப் பத்திரிகையாளர் யார், ஆய்வேட்டில் இந்த வாசகத்தை மோனேயின் சொற்களாகவே எழுதலாமா என்பது கேள்வி. மேலோட்டமாகப் பார்த்தால் ஒரு பெயரைக் கேட்பது போலத் தோன்றினாலும், உண்மையில் இங்கே கேட்கப்படுவது ஒரு சாட்சியின் தரம். சாட்சி சொல்பவர் எப்படிக் கேட்பவர், எழுதும்போது எதைச் சேர்ப்பவர், எதை விடுபவர் என்று தெரியாமல் அவர் வழியாக வந்த மேற்கோளை எடைபோட இயலாது. ஆகவே பெயரோடு நிறுத்திக்கொள்ளாமல் அவருடைய வாழ்க்கையையும் தொழிலையும் சற்று விரிவாகவே சொல்கிறேன். நான் பல ஆண்டுகள் நாளிதழ்களின் ஞாயிறு இணைப்புகளுக்குப் பேட்டி எடுத்தவன். பின்னர் இதழியல் மாணவர்களுக்கு அந்த வேலையைக் கற்பித்தவன். ஓவிய வரலாறு என் துறை அன்று. மோனேயின் ஓவியங்களைப் பற்றி நான் சொல்வதை அத்துறை அறிஞர்களின் நூல்களோடு ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். பேட்டி என்னும் வடிவத்தைப் பற்றிச் சொல்வதற்கு நானே பொறுப்பு.

அவர் பெயர் ஹெர்மன் பாங். பேட்டி வெளிவந்தது நார்வேயின் மேற்குக் கரை நகரமான பெர்கனின் நாளிதழ் ‘பெர்கன்ஸ் டிடெண்டெ’யில், 1895 ஏப்ரல் 6ஆம் தேதி. இதில் ஐயத்துக்கு இடமில்லை. அந்த ஆண்டு பிப்ரவரித் தொடக்கத்தில் மோனே நார்வேக்கு வந்தார். அவருடைய மனைவி ஆலிசின் முதல் மணத்து மகன் ழாக் ஒஷெதே அப்போது கிறிஸ்டியானியாவில், அதாவது இன்றைய ஓஸ்லோவில் வசித்துக்கொண்டிருந்தார். நகருக்கு அருகே சாண்ட்விகா என்ற ஊரில் தங்கி, ஏறத்தாழ இரண்டு மாதங்கள் மோனே பனியில் நின்று வரைந்தார். கோல்சோஸ் என்ற மலையைத் திரும்பத் திரும்பத் தீட்டினார். அது தமக்கு ஜப்பானின் ஃபூஜி மலையை நினைவூட்டுவதாக வீட்டுக்கு எழுதினார். ஓயாது பெய்யும் பனியில் நின்றதால் தாடி முழுவதும் பனிக்கட்டி விழுதுகளாகத் தொங்கியதை நண்பர் குஸ்தாவ் ஜெஃப்ருவாவுக்கு எழுதிய கடிதத்தில் சொல்கிறார். இந்த நாட்டில் உருப்படியாக ஏதேனும் செய்ய வேண்டுமானால் ஓராண்டாவது இங்கே வாழ வேண்டும் என்றும் அதில் குறைப்பட்டுக்கொள்கிறார். அவர் பிரான்சுக்குப் புறப்பட்டுச் சென்ற அதே நாட்களில் பாங்கின் கட்டுரை அச்சேறியது. அடுத்த மாதம் பாரிசில் ஓவிய வணிகர் ட்யூரான்-ருயேலின் காட்சிக்கூடத்தில் ரூவான் பேராலய ஓவியங்கள் 20உம், அவற்றோடு நார்வேக் காட்சிகள் சிலவும் மக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. ஒரே கல் முகப்பை வெவ்வேறு வேளைகளின் ஒளியில் பல ஆண்டுகள் தீட்டி முடித்துவிட்டு, அதை உலகம் எப்படி ஏற்கப்போகிறது என்று காத்திருந்த ஓவியரோடுதான் பாங் பேசினார் என்பதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்தப் பேட்டியில் இருந்து இன்று எங்கும் எடுத்தாளப்படுபவை இரண்டு பகுதிகள். மற்ற ஓவியர்கள் ஒரு பாலத்தையோ ஒரு வீட்டையோ ஒரு படகையோ வரைகிறார்கள், அத்தோடு அவர்கள் வேலை முடிந்துவிடுகிறது. தாம் தீட்ட விரும்புவது அந்தப் பாலமும் வீடும் படகும் நிற்கும் காற்றை, அவற்றைச் சூழ்ந்த காற்றின் அழகை. அது இயலாத காரியமே அன்றி வேறில்லை என்பது ஒன்று. நீங்கள் குறிப்பிட்டிருக்கும் வாசகம் மற்றொன்று.

இனி பாங். 1857 ஏப்ரல் 20 அன்று அல்ஸ் என்ற தீவில், அசர்பால என்னும் ஊரில், ஒரு பாதிரியாரின் மகனாகப் பிறந்தார். அவருக்கு ஏழு வயது நிரம்பியிருந்தபோது, 1864இல், பிரஷ்யாவுடனான போரில் டென்மார்க் அந்தத் தீவை இழந்தது. 1920 வரை அது ஜெர்மானியர் வசமே இருந்தது. குடும்பம் அதற்கு முன்பே டென்மார்க்கின் தீபகற்பப் பகுதியான யூலாந்திலுள்ள ஹோர்சன்ஸ் நகருக்கு மாறியிருந்தது. பிறந்த ஊர் வேற்று நாடாகிப்போன இந்த இழப்பு அவருடைய நாவல்களில் பின்னால் பெரிய இடம் பெற்றது. தாய் 1871இலும் தந்தை 1875இலும் இறந்தார்கள். சோரோ நகரத்துப் பள்ளியில் படித்துவிட்டுத் தலைநகர் கோபன்ஹேகனுக்கு வந்தவர், பல்கலைக்கழகப் படிப்பை நடுவிலேயே விட்டார். நடிகராக வேண்டும் என்பதுதான் அவருடைய உண்மையான ஆசை. அது கைகூடவில்லை. ஆனால் அந்தத் தோல்விதான் அவரைச் செய்தித்தாளுக்குக் கொண்டுவந்தது. அவர் செய்தித்தாளில் எழுதியவற்றை அந்த நிறைவேறாத ஆசையின் வழியாகவே படிக்க வேண்டும் என்று நான் கருதுகிறேன். மேடையில் நிற்க விரும்பிய ஒருவர் மற்றவர்களைப் பார்க்கும்போது முதலில் கவனிப்பது அவர்கள் சொல்லும் கருத்தை அன்று. சொல்லும்போது கை என்ன செய்கிறது, குரல் எந்த இடத்தில் தாழ்கிறது, எந்தச் சொல்லுக்கு முன் தயக்கம் வருகிறது என்பதைத்தான்.

1870களின் இறுதியில் டென்மார்க்கின் நாளிதழ்கள் பெரும்பாலும் கட்சிப் பத்திரிகைகள். தலையங்கமும் நாடாளுமன்ற விவாதமும் அவற்றின் முக்கியப் பக்கங்களை நிரப்பின. நகரத்தின் அன்றாட வாழ்வுக்கு அங்கே அதிக இடமில்லை. 1876இல் தொடங்கப்பட்டிருந்த ‘நாஷனால்டிடெண்டெ’ என்னும் பழைமைவாத நாளிதழில், 1879 முதல் 1884 வரை, ‘மாறிவரும் பொருள்கள்’ என்று பொருள்படும் தலைப்பில் பாங் ஒரு தொடர்பத்தி எழுதினார். தொடங்கும்போது வயது 22. 200க்கு மேற்பட்ட கட்டுரைகள் அந்தத் தலைப்பில் வந்தன. நாடக அரங்கு, கேளிக்கை மன்றங்கள், புதிதாக முளைத்துக்கொண்டிருந்த பேரங்காடிகள், தலைநகரின் வறுமை, அயல்நாட்டிலிருந்து வந்து ஆடிச் சென்ற நடிகைகள் என எதைப் பற்றியும் எழுதினார். 1880இல் பிரெஞ்சு நடிகை சாரா பெர்ன்ஹார்ட் கோபன்ஹேகனுக்கு வந்தபோது அவரைப் பற்றி எழுதியவர்களுள் பாங்கும் ஒருவர். அதே ஆண்டில் வெளிவந்த அவருடைய முதல் நாவல் ஆபாசமானது என்று பறிமுதல் செய்யப்பட்டு, நீதிமன்றம் அவருக்கு அபராதம் விதித்தது. கேலிச்சித்திரக்காரர்களுக்கு அவர் விருப்பமான ஆள்: மெலிந்த உடல், மிகையான உடை, மேடைத்தனமான பேச்சு. இந்தத் தோற்றத்தை மட்டும் பார்த்து அவருடைய உழைப்பைப் பலர் குறைத்து மதிப்பிட்டார்கள். அந்தக் கட்டுரைகள் அறிஞர் பதிப்பாக 4 தொகுதிகளில் இன்று கிடைக்கின்றன. நகர வாழ்வை இவ்வளவு நெருக்கமாகப் பார்த்த ஒரு பத்தியாளர் இந்த வயதில் இந்த அளவு எழுதியிருப்பது என்னைப் போன்ற தொழில்காரனுக்கு வியப்பளிப்பது.

அவருடைய செய்தி எழுத்தின் உச்சமாகப் பொதுவாகச் சொல்லப்படுவது ஒரு தீவிபத்து. 1884 அக்டோபர் 3 அன்று, நாடாளுமன்றம் இயங்கிவந்த கிறிஸ்டியன்ஸ்போர்க் அரண்மனை எரிந்தது. அரண்மனைத் தேவாலயமும் பக்கத்திலிருந்த தோர்வால்ட்சன் அருங்காட்சியகமும் தப்பின. மற்றவற்றில் பெரும்பகுதி அழிந்தது. மறுநாள் வந்த பாங்கின் நீண்ட கட்டுரையை டேனிஷ் இதழியல் வரலாறுகள் அந்த மொழியின் நேரடி வருணனைச் செய்திகளுக்கு ஒரு தொடக்கப் புள்ளியாகக் கருதுகின்றன. எவ்வளவு சேதம், யார் பொறுப்பு என்ற கணக்குகளை முன்னிறுத்தாமல், கூட்டத்தின் அசைவையும் ஒளியையும் ஓசையையும் கண்ணில் பட்ட வரிசையிலேயே அடுக்கி, வாசகரை அந்தத் தெருவில் நிறுத்துவதுதான் அவர் கையாண்ட முறை. எழுதுபவர் எங்கும் முன்னால் வந்து விளக்குவதில்லை. இதே முறையைப் பின்னால் நாவலுக்குக் கொண்டுபோன பாங், 1890இல் எழுதிய ஒரு சிறு கட்டுரையில் அதற்கு, மோனே முதலியோரின் ஓவிய இயக்கத்துக்கு வழங்கிய இம்ப்ரெஷனிசம் என்ற பெயரையே சூட்டினார். மனிதர்களின் உள்ளத்தை ஆசிரியர் விளக்கிச் சொல்லக்கூடாது, அவர்கள் செய்வதையும் பேசுவதையும் மட்டும் காட்டினால் உள்ளம் தானே தெரியும் என்பது அதன் சாரம். மோனேயைச் சந்திப்பதற்கு ஐந்தாண்டுகள் முன்பே பாங் தம்மை அந்தப் பெயரால் அடையாளப்படுத்திக்கொண்டுவிட்டார் என்பதைக் கவனியுங்கள். உங்கள் கேள்விக்கு இது மிக முக்கியமானது. கீழே இதற்குத் திரும்பி வருகிறேன்.

‘பெர்கன்ஸ் டிடெண்டெ’ பாங்கின் வாழ்க்கையில் ஒருமுறை மட்டும் தலைகாட்டிய பத்திரிகை அன்று. 1884க்குப் பிறகு அவர் நார்வே, ஸ்வீடன், பின்லாந்து என்று சொற்பொழிவாற்றிக்கொண்டு திரிந்தார். பிறகு பெர்லினில் தங்கினார். அங்கிருந்து இதே பெர்கன் நாளிதழுக்கு எழுதிய ஒரு கட்டுரையில் ஜெர்மானியப் பேரரசர் குடும்பத்தைப் பற்றி மரியாதைக் குறைவாகச் சில வரிகள் எழுதியதற்காக 1886 தொடக்கத்தில் அவர் பெர்லினை விட்டு வெளியேற்றப்பட்டார். நாடகக் குழுவுக்குப் பெயர்பெற்ற மைனிங்கன் நகருக்குச் சென்றார். அங்கும் இருக்க விடவில்லை. வியன்னாவுக்கும் பின்னர் பிராகுக்கும் போனார். கையில் பணமில்லாத அந்த மாதங்களில்தான் அவருடைய மிகச் சிறந்த கதைகள் உருவாயின. அவற்றுள் ஒன்று பிறந்த விதத்தை, 1889இல் வந்த ‘டீனெ’ என்ற நாவலின் முன்னுரையில் அவரே சொல்கிறார்: முன்பு யூலாந்தில் ரயிலில் போகும்போது ஒரு சிறு நிலையத்தின் சன்னலில் ஒரு பெண்ணின் முகத்தைக் கணநேரம் பார்த்திருக்கிறார், பல ஆண்டுகள் கழித்து, அயல்நாட்டு அறையில் அந்த முகம் திரும்ப வந்து, அவளுடைய முழு வாழ்க்கையும் கதையாக விரிந்தது. ஒரு பேட்டியாளரை மதிப்பிடுவதற்கு இதைவிடப் பயனுள்ள சான்று எனக்குத் தெரியவில்லை. ஒரு காட்சியை ஆண்டுக்கணக்கில் மங்காமல் வைத்திருக்கும் நினைவு அவருக்கு இருந்தது. அந்தக் காட்சியில் இல்லாததைக் கட்டி எழுப்பும் கற்பனையும் அதே அளவு இருந்தது. நாவலாசிரியருக்கு இரண்டும் வரம். செய்தியாளருக்கு முதலாவது மட்டுமே வரம்.

1893–94இல் அவர் பாரிசில் இருந்தார். லூனியே-போவின் நாடகக் குழுவுக்கு நார்வே நாடகாசிரியர் இப்சன் போன்ற ஸ்காண்டிநேவியர்களின் நாடகங்களை மேடையேற்ற உதவினார். நடிகை ரேழான் இப்சனின் ‘பொம்மை வீடு’ நாடகத்து நோரா பாத்திரத்தை ஏற்றபோது ஒத்திகைகளில் ஆலோசகராக இருந்தார். பிரெஞ்சு நடிகர்களோடு அவர்கள் மொழியில் நாடகம் பேசிப் பழகியவர் என்பதால், மோனேயோடு உரையாடுவதில் அவருக்குப் பெரிய இடர்ப்பாடு இருந்திருக்காது. இது என் ஊகம்தான், ஆனால் வலுவான ஊகம்.

பேட்டி என்ற வடிவம் அப்போது ஐரோப்பாவில் இன்னும் புதிது. கௌரவமான வடிவமாகவும் அது கருதப்படவில்லை. பெரிய மனிதர் ஒருவரிடம் கேள்விகளைக் கேட்டு, வினாவும் விடையுமாக அப்படியே அச்சிடும் வழக்கத்தின் தொடக்கமாகப் பலர் காட்டுவது, 1859இல் அமெரிக்காவின் சால்ட் லேக் சிட்டியில் ஹொரேஸ் கிரீலி மோர்மன் தலைவர் பிரிகாம் யங்கோடு நடத்திய உரையாடல். அது ஐரோப்பாவுக்கு வந்தபோது, அமெரிக்கர்களின் நாகரிகமற்ற பழக்கம் என்று முகம் சுளித்தவர்கள் நிறைய. டென்மார்க்கில் அமெரிக்க முறைச் செய்திசேகரிப்பைக் கொண்டுவந்தவர் என்று போற்றப்படுபவர் பாங்கைவிட ஓராண்டு இளையவரான ஹென்ரிக் காவ்லிங். 1905 முதல் 1927 வரை ‘பொலிட்டிகன்’ நாளிதழின் ஆசிரியராக இருந்தவர் அவர். டென்மார்க்கின் மிக உயர்ந்த பத்திரிகை விருது இன்றும் அவர் பெயரில்தான் வழங்கப்படுகிறது. காவ்லிங்கின் வழி வேகமும் செய்தியும். பாங்கின் வழி வேறு: எதிரே அமர்ந்திருப்பவரின் சூழலையும் தோரணையையும் சேர்த்தே தருவது, கேள்விகளை மறைத்துவிட்டு விடைகளை மட்டும் ஓடவிடுவது. வாசகருக்கு மோனே தானாகவே பேசுவது போலத் தோன்றும்; கேட்டவர் காணாமல் போயிருப்பார். நீங்கள் படித்த நூல்கள் பலவற்றில் பாங்கின் பெயர் இல்லாமல் போனதற்கு அவர் தம்மை அழித்துக்கொண்டு எழுதியதே ஒரு காரணம் என்று நினைக்கிறேன். நன்றாகச் செய்யப்பட்ட பேட்டியிலிருந்து மேற்கோளைப் பிரித்தெடுப்பது எளிது. பிரித்தெடுத்த பிறகு கேட்டவரை யாரும் நினைப்பதில்லை.

இப்போது நம்பகத்துக்கு வருவோம். முதலில் சாதகமானவை. 1890 அக்டோபரில் ஜெஃப்ருவாவுக்கு எழுதிய கடிதத்தில், வைக்கோற்போர்களைத் தீட்டிக்கொண்டிருந்த மோனே, தாம் தேடுவது கணநேரத்தின் தன்மையை, எல்லாவற்றின் மீதும் ஒன்றுபோலப் பரவியிருக்கும் ஒளியை, பொருள்களைப் போர்த்தியிருக்கும் அந்த உறையை என்று எழுதுகிறார். கடிதம் மோனேயின் கையெழுத்து. இடையில் ஆள் இல்லை. பொருளைவிட அதைச் சூழ்ந்ததே முக்கியம் என்ற கருத்து 1895இல் பாங் அவர் வாயில் திணித்தது அன்று என்பதற்கு இந்தக் கடிதம் ஒன்றே போதும். அடுத்து, காலம். மோனே நார்வேயில் இருந்து திரும்பிய அதே நாட்களில் பேட்டி அச்சாகிவிட்டது. இதோடு ஒப்பிட ஒரு நல்ல எடுத்துக்காட்டு உண்டு. குருடனாகப் பிறந்து திடீரெனப் பார்வை பெற்றிருந்தால், கண்ணில் படுவது இன்ன பொருள் என்று அறியாமலே வரைந்திருக்கலாம் என்று மோனே சொன்னதாக வழங்கும் வாசகம் அமெரிக்க ஓவியர் லில்லா காபட் பெரி எழுதிய நினைவுக் கட்டுரையில் இருந்து வருகிறது. அது அச்சானது 1927இல், மோனே இறந்த பிறகு, பேச்சு நடந்து பல ஆண்டுகள் கழித்து. அதை நம்பவே கூடாது என்று நான் சொல்லவில்லை; ஆனால் சாட்சி என்ற முறையில் பாங் பல படி மேலே நிற்கிறார்.

பாதகமானவை என்று பார்த்தால், அன்று ஒலிப்பதிவு இல்லை. பேசிக்கொண்டிருக்கும்போதே சொல்லுக்குச் சொல் குறிப்பெடுப்பவராகவும் பாங் எனக்குத் தோன்றவில்லை. அவருடைய கட்டுரைகளின் ஓட்டம், பார்த்துவிட்டுப் பின்னர் உட்கார்ந்து எழுதியவருடைய ஓட்டம். என் தொழிலில் நான் கண்டறிந்தது இதுதான்: குறிப்பேடு இல்லாமல் நினைவிலிருந்து எழுதும்போது, சொல்லப்பட்ட கருத்து பெரும்பாலும் தப்பிப் பிழைக்கும், வித்தியாசமான ஓரிரு சொற்களும் பிழைக்கும், வாக்கியத்தின் கட்டமைப்பும் தாளமும் எழுதுபவருடையதாக மாறிவிடும். அதிலும் கூர்மையான, முரணாக முடியும் வாக்கியங்கள் நினைவில் இன்னும் கூர்மையாகிவிடும். பாலம், வீடு, படகு என்ற அடுக்கில் ஒரு நாடகாசிரியரின் காது கேட்கிறது. அந்த அடுக்கு மோனேயுடையதா பாங்குடையதா என்பதற்கு வேறு சாட்சி இல்லை. அந்த உரையாடலுக்கு நமக்கிருக்கும் ஒரே பதிவு பாங்கின் கட்டுரைதான். மேலும், பிரெஞ்சில் சொன்னது நார்வே நாளிதழுக்கான மொழியில் அச்சாகி, அங்கிருந்து ஓவிய வரலாற்று நூல்களுக்குப் போய், இப்போது தமிழில் உங்கள் கையில் இருக்கிறது. இத்தனை கை மாறிய பிறகு இந்தச் சொல்லையா சொன்னார், அந்தச் சொல்லையா சொன்னார் என்று ஒரு சொல்லின் மீது வாதத்தைக் கட்டுவது பாதுகாப்பானதன்று.

இவை எல்லாவற்றையும்விடப் பெரிய இடர் நான் மேலே குறித்து வைத்தது. பாங் தாமே ஓர் இம்ப்ரெஷனிஸ்ட் என்று அறிவித்துக்கொண்டவர். பொருளை விளக்காதே, அதைச் சூழ்ந்ததைக் காட்டு என்பதை ஐந்தாண்டுகளுக்கு முன்பே தம் கொள்கையாக எழுதியவர். அப்படிப்பட்டவர் அந்தக் கொள்கையின் தலைமை ஓவியரிடம் போய் உட்கார்ந்தால், தம் காதுக்கு இனியவற்றையே அதிகம் கேட்டிருப்பார், மற்றவற்றை விட்டிருப்பார் என்று எதிர்பார்ப்பது நியாயம். பேட்டியாளர் பொய் சொல்வது அரிது. தமக்கு வேண்டியதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்வது மிகச் சாதாரணம். எனினும் இதையே திருப்பிப் போட்டும் பார்க்க வேண்டும். செய்திக்காக மட்டும் வந்த ஒருவர் அந்த ஓவியரிடம் பனி எப்படி இருந்தது, எத்தனை படங்கள் முடிந்தன, எப்போது ஊருக்குப் போகிறீர்கள் என்று கேட்டுக்கொண்டு போயிருப்பார். பொருளுக்கும் பார்ப்பவருக்கும் நடுவே என்ன இருக்கிறது என்ற பேச்சை எழுப்பவும், அது எழுந்தபோது அதன் மதிப்பை உணர்ந்து பிடித்துக்கொள்ளவும், அதே கேள்வியோடு சொந்த வேலையில் மல்லுக்கட்டிய ஒருவர் தேவைப்பட்டார். ஆகவே என் முடிவு: கருத்து மோனேயுடையது, அதில் எனக்கு ஐயமில்லை, அது இவ்வளவு தெளிவாக, மறக்க முடியாத வடிவில் நம்மிடம் வந்தது பாங்கினால். அந்த வாக்கிய வடிவத்துக்கு மோனேயை மட்டும் உரிமையாளராக்குவது சரியன்று.

பேட்டி கொடுப்பவரும் எப்போதும் நம்பகமானவர் அல்லர் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 1900இல் ‘லெ தான்’ நாளிதழில் தியேபோ-சிசோன் வெளியிட்ட பேட்டியில் மோனே தம் இளமைக் காலத்தைத் தாமே அழகுபடுத்திச் சொல்லியிருப்பதை வரலாற்றாளர்கள் சுட்டிக்காட்டியிருக்கிறார்கள். வாழ்க்கை வரலாற்றைச் சொல்லும் பேச்சில் இந்த அழகுபடுத்தல் அதிகம் நேரும். வேலை நடந்துகொண்டிருக்கும்போது அந்த வேலையைப் பற்றிச் சொல்லும் பேச்சில் குறைவு. பாங்கிடம் மோனே பேசியது இரண்டாம் வகை.

ஒன்றை மட்டும் தவிர்க்கச் சொல்வேன். பாங்கின் ‘டீனெ’ நாவலைப் படித்த மோனே அதுவே முதல் இம்ப்ரெஷனிஸ நாவல் என்று பாராட்டினார் என்ற செய்தி பாங்கைப் பற்றிய அறிமுகங்களில் அடிக்கடி வருகிறது. கேட்க இனிமையானது, பாங்கை நேசிக்கும் எனக்கும் அது உண்மையாக இருக்க வேண்டும் என்ற ஆசை உண்டு. ஆனால் மோனேயின் கையெழுத்து ஆதாரத்தோடு அது காட்டப்பட்டதை நான் கண்டதில்லை. பேட்டியையும் இந்தச் செய்தியையும் ஒரே தரத்தில் வைத்துவிடாதீர்கள்.

பாங்கின் பிற்கால வாழ்வைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் அவருடைய எழுத்து தகுதிக்குரிய அளவு ஏன் பரவவில்லை என்பதற்கு அதிலும் விடை உண்டு. நார்வேயிலிருந்து திரும்பிய பின் நாவல்கள் எழுதினார். 1898 முதல் 1901 வரை கோபன்ஹேகனில் ‘ஃபோல்கெதியேட்டர்’ அரங்கின் நாடக இயக்குநராக இருந்தார். அவர் தன்பாலின ஈர்ப்பு உடையவர். அது ஊரறிந்த ரகசியம். ஆண்களுக்கிடையேயான உறவு டென்மார்க்கில் அன்று குற்றம். 1933இல்தான் அந்நிலை மாறியது. 1906இல், பின்னாளில் நோபல் பரிசு பெற்ற யொஹானஸ் வி. யென்சன், ‘பொலிட்டிகன்’ நாளிதழில் எழுதிய கட்டுரை ஒன்றில், பெயர் குறிப்பிடாமல் ஆனால் யாரென்று எல்லோருக்கும் புரியும்படி பாங்கைத் தாக்கினார். எந்தச் செய்தித்தாள் உலகத்துக்காகப் பாங் அத்தனை ஆண்டுகள் உழைத்தாரோ அந்த உலகமே அவரை அவமதித்தது எனக்கு இன்றும் ஆறாத வருத்தம். அடுத்த ஆண்டு அவர் பெர்லினுக்குப் போய்விட்டார். 1912 தொடக்கத்தில் வாசிப்பு நிகழ்ச்சிகளுக்காக அமெரிக்கா சென்றவர், சான் பிரான்சிஸ்கோ நோக்கிய ரயில் பயணத்தில் நினைவிழந்து, ஜனவரி 29 அன்று யூட்டா மாநிலத்தின் ஆக்டன் நகரில் இறந்தார். கிரீலியின் பேட்டி நடந்த சால்ட் லேக் சிட்டி அங்கிருந்து அதிகத் தொலைவில்லை. உடல் கோபன்ஹேகனுக்குக் கொண்டுவரப்பட்டு வெஸ்ட்ரெ கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டது. அவருடைய இளைய நண்பர் கிறிஸ்டியன் ஹோமார்க் பின்னாளில் ‘பி. டி.’ என்ற நாளிதழில் நாடறிந்த பேட்டியாளராகத் திகழ்ந்தார். ஆளைக் கண்முன் கொண்டுவந்து நிறுத்தும் பேட்டி என்ற வழி அவ்வாறு அடுத்த தலைமுறைக்கும் சென்றது.

உங்கள் ஆய்வேட்டுக்கு வருவோம். அந்த வாசகத்தைத் தாராளமாகப் பயன்படுத்துங்கள். ஆனால் ‘மோனே கூறினார்’ என்று தொடங்கி மேற்கோள் குறிக்குள் தமிழ் வாக்கியத்தை அடைக்காதீர்கள். ‘1895 ஏப்ரலில் பெர்கன் நாளிதழில் வெளியான பேட்டியில், தாம் தீட்ட விரும்புவது பொருளை அன்று, பொருளுக்கும் தமக்கும் இடையே உள்ளதையே என்று மோனே சொன்னதாக ஹெர்மன் பாங் எழுதுகிறார்’ என்பதுபோல அயற்கூற்றில் எழுதுங்கள். பாங்கின் பெயர் அடிக்குறிப்பில் அல்லாமல் அந்த வாக்கியத்திலேயே இருக்கட்டும். அதன் பக்கத்திலேயே 1890ஆம் ஆண்டுக் கடிதத்தையும் வையுங்கள். வாதத்தின் சுமையைக் கடிதம் தாங்கட்டும். பேட்டி அதற்குத் துணையாக நிற்கட்டும். தேர்வாளர் கேட்டால், ‘இடையில்’ என்ற அந்த ஒரு சொல்லை வைத்து மோனேயின் தத்துவத்தை விளக்க முற்படாமல், சாண்ட்விகாவில் ஒரே மலையை அவர் வெவ்வேறு ஒளியில் தீட்டிய படங்களை அருகருகே காட்டிப் பேசுங்கள்.